அந்த அம்மாவுக்குத் தெரியும்

இதை எழுதிக்கொள்ளச் சம்மதித்தபோது என் மனைவி ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். யார் பெயரும் வரக்கூடாது. ஏன் என்று நான் கேட்கவில்லை. படித்தால் உங்களுக்கே புரியும்.

காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தில் சின்னதாக ஒரு டிடிபி கடை வைத்திருக்கிறேன். கல்யாணப் பத்திரிகை, விசிட்டிங் கார்டு, கண்ணீர் அஞ்சலி போஸ்டர், கும்பாபிஷேக நோட்டீஸ். பத்தொன்பது வயதில் கீபோர்டில் வைத்த கை, இன்னும் எடுக்கவில்லை. மனைவி வீட்டிலேயே ரவிக்கை தைக்கிறாள். பட்டு எடுக்க ஊர் ஊராக ஆட்கள் வருகிற ஊர் என்பதால் அவளுக்கு வேலைக்குக் குறைவில்லை. ஒரே மகன் ஒரகடத்தில் கம்பெனி வேலை, அங்கேயே ரூம் எடுத்துத் தங்கியிருக்கிறான். வீட்டில் நான், மனைவி, அவளுடைய அம்மா. அவரை நான் அத்தை என்று கூப்பிடுவேன். அவர் என்னை மாப்ள என்பார். மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதே இல்லை. எப்போதும் பாப்பாதான். நாற்பத்தாறு வயதுப் பாப்பா.

எங்கள் ஊரில் சினிமாப் பைத்தியம் பிடித்தவர்கள் ஒரு பதினைந்து பேர் இருக்கிறோம். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், ஒரு டியூஷன் சென்டரின் மாடியில், ஜன்னல்களில் கறுப்புத் துணி கட்டி வெளிநாட்டுப் படம் போடுவோம். படத்தைத் தேர்ந்தெடுப்பது கல்லூரியில் வரலாறு நடத்தும் என் நண்பர். அந்த மாதம் அவர் பிடித்துக்கொண்டு வந்தது ஒரு பழைய ரஷ்யப் படம். புரட்சி முடிந்த கையோடு அங்கே பஞ்சம் வந்து, லட்சக்கணக்கில் பிள்ளைகள் அநாதையாக ரயிலேறித் திரிந்த காலத்தைப் பற்றியது. படத்தில் பேச்சே கிடையாது. நடுநடுவே எழுத்துப் பலகை மட்டும் வரும். அந்தப் பலகைகளின் ஆங்கிலத்தை எடுத்து என்னிடம் கொடுத்துத் தமிழில் போட்டு வைக்கச் சொன்னார்.

"நீயே மைக்ல படிச்சிடு. எல்லாரும் அவ்ளோ வேகமா படிக்க மாட்டாங்க," என்றார்.

அதனால் படத்தைப் பார்க்காமலே அதன் வார்த்தைகள் எனக்குத் தெரிந்திருந்தன. 'ரொட்டி இல்லை.' 'தலையைக் காட்டு.' 'உன் பெயர் என்ன?' இப்படித் துண்டு துண்டாக எண்பது சொச்சம் வரிகள். கதையைப் பாதிதான் ஊகிக்க முடிந்தது.

மனைவியோ அத்தையோ இந்தப் படங்களுக்கு வந்ததே இல்லை. அந்த ஞாயிறு எங்கள் தெரு டிரான்ஸ்ஃபார்மர் வெடித்துவிட்டது. வெயிலோ அப்படி ஒரு வெயில். "மாடியில ஏசியே இருக்குது, வாங்க," என்று நான்தான் அழைத்துப்போனேன். ஏசி என்று சொன்னது பொய். நான்கு ஃபேன் இருந்தது. கடைசி வரிசையில் ஆளுக்கொரு பிளாஸ்டிக் நாற்காலியில் இருவரும் உட்கார்ந்தார்கள். நான் பக்கத்தில் ஒரு ஸ்டூலில், மடியில் காகிதக் கட்டு, கையில் மைக்.

படம் ஓடத் தொடங்கியது. சரக்கு ரயிலின் அடியில் தொங்கிக்கொண்டு வருகிற பையன்கள். தார் காய்ச்சுகிற பெரிய கொப்பரை இரவில் ஆறியதும் அதற்குள்ளே இறங்கி ஒருவர் மேல் ஒருவர் படுத்துத் தூங்குகிறார்கள், சூடு மிச்சமிருக்கும் என்பதற்காக. காலையில் எழுந்தால் முகமெல்லாம் தார். கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள், அப்புறம் நிறுத்திக்கொண்டார்கள். பிறகு அந்தப் பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டு போய் ஒரு இல்லத்தில் விடுகிறார்கள். வரிசையாக உட்காரவைத்துத் தலையைச் சிரைக்கிறார்கள். அப்போது அங்கே ஒரு கொள்ளைக் காய்ச்சல், பேன் வழியாகத்தான் அது பரவுமாம். மொட்டை அடித்து ஒரே மாதிரிச் சட்டை மாட்டியதும் எது ஆண், எது பெண், எது யார் என்றே தெரியவில்லை. பிள்ளைகளின் கழுத்தில் அட்டை தொங்குகிறது.

நான் படித்தேன்: "உன் பெயர் என்ன?"

அதில் இரண்டு பையன்கள் சிநேகிதர்கள். ஒருவனுக்கு அம்மா இருக்கிறாள், எங்கேயோ வேலை தேடிப் போயிருக்கிறாள். போகும்போது அவளுடைய கோட்டிலிருந்து ஒரு பொத்தானைப் பிடுங்கி வைத்துக்கொண்டிருக்கிறான். இன்னொருவனுக்கு யாருமில்லை. ராத்திரியெல்லாம் முதல் பையன் தன் அம்மாவைப் பற்றியே பேசுகிறான். பேச்சு நமக்குக் கேட்காது. வாய் மட்டும் அசைகிறது. இரண்டாமவன் கண்ணை மூடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறான். பிறகு காய்ச்சல் வந்து, அம்மா உள்ள பையன் செத்துப்போகிறான். பொத்தான் இவன் கைக்கு வருகிறது.

பனி உருகும் காலத்தில் ஒரு பெண் இல்லத்தின் வாசலில் வந்து நிற்கிறாள். கோட்டில் ஒரு பொத்தான் இல்லை. பிள்ளைகளை வரிசையாக நிறுத்துகிறார்கள். அவள் ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு நடக்கிறாள். அந்தப் பையன் வரிசையைவிட்டு ஓர் அடி முன்னால் வந்து உள்ளங்கையை விரிக்கிறான். வாயைத் திறக்கிறான். திரை முழுக்க எழுத்து வந்தது. அது ரஷ்ய எழுத்துதான், ஆனால் பார்க்க நம் ஆங்கில எழுத்து மாதிரியே இருந்தது. முன்வரிசைக் கல்லூரிப் பையன்கள் அதை எழுத்துக்கூட்டி "மாமா!" என்று கத்திச் சிரித்தார்கள்.

நான் மைக்கில் சொன்னேன்: "அம்மா."

சிரிப்பு அடங்கிவிட்டது. அந்தப் பெண்ணின் முகம் மட்டும் ரொம்ப நேரம் திரையில் இருந்தது. அவள் அழவில்லை. பையனைப் பார்த்தாள், பொத்தானைப் பார்த்தாள், மறுபடி பையனைப் பார்த்தாள். பிறகு அவன் கையைப் பிடித்துக்கொண்டு சேற்றுப் பாதையில் நடந்தாள். படம் முடிந்தது.

கறுப்புத் துணியைக் கழற்றியதும் வெளிச்சம் கண்ணைக் குத்தியது. படம் முடிந்து அரை மணி நேரம் பேசுவது எங்கள் வழக்கம். வரலாற்று நண்பர் எழுந்து அந்தக் காலத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிட்டு, "கடைசிக் காட்சியைப் பத்தி இன்னா நினைக்கிறீங்க?" என்று கேட்டார்.

ஒரு கல்லூரிப் பெண் கையைத் தூக்கினாள். "பாவம் சார் அந்தம்மா. ஏமாந்துட்டாங்க. பொத்தானைப் பாத்து நம்பிட்டாங்க."

"மொட்டை அடிச்சு, எலும்பும் தோலுமா இருந்தா யாருக்கு சார் அடையாளம் தெரியும்?" என்று சிரித்தான் இன்னொரு பையன். "அந்தப் பையன் செம கேடி."

அப்போது என் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. யார் பேசுகிறார்கள் என்று நானே திரும்பிப் பார்த்தேன். அத்தை. நான்கு பேர் கூடிய இடத்தில் வாய் திறக்காதவர், ரேஷன் கடையில்கூடக் கார்டை நீட்டிவிட்டுச் சும்மா நிற்பவர், நாற்காலியில் உட்கார்ந்தபடியே அந்தப் பையனைப் பார்த்துப் பேசினார்.

"தெரியாம இருக்குமாப்பா? பெத்தவளுக்குத் தெரியாதா? முத அடி வைக்கும்போதே தெரிஞ்சிடும். தெரிஞ்சிதாம்பா இட்டுக்கினு போறா. அது அம்மான்னு கூப்ட்டுச்சே, அப்புறம் இன்னா பண்ணுவா, உட்டுட்டா வருவா?"

நண்பர், "அருமையாச் சொன்னீங்கம்மா," என்றார். இரண்டு பேர் கை தட்டினார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது. இதை என் மனைவியிடம் ஜாடையாகக் காட்டலாம் என்று அந்தப் பக்கம் திரும்பினேன்.

அவள் முகத்தில் ரத்தமே இல்லை. உதடு வெளுத்துப்போய், கண் அகல விரிந்து, தன் அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். மடியிலிருந்த தண்ணீர் பாட்டில் கீழே விழுந்து உருண்டது. அதை எடுக்காமல் எழுந்தாள். நாற்காலிகளை இடித்துக்கொண்டு கதவுக்குப் போய்ப் படியிறங்கிவிட்டாள். மாரடைப்போ என்னவோ என்று பதறி நானும் ஓடினேன்.

தெருவில் நிறுத்தியிருந்த ஷேர் ஆட்டோவின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். காலில் செருப்பில்லை. தார் ரோடு கொதித்துக்கொண்டிருந்தது, அவளுக்கு அது உறைக்கவே இல்லை.

"இன்னாமா ஆச்சு? நெஞ்சு வலிக்குதா?"

"அம்மாவுக்குத் தெரியுங்க."

"இன்னா தெரியும்?"

"எல்லாம். மொதல்ல இருந்தே தெரிஞ்சிருக்குது." பல் கிட்டித்ததுபோலப் பேசினாள். "நான் அவங்க பொண்ணு இல்லங்க."

வெயிலில் தலை சுற்றி உளறுகிறாள் என்று நினைத்தேன். அதற்குள் அத்தை படியிறங்கி வந்தார். ஒரு கையில் பாட்டில், இன்னொரு கையில் மகளுடைய செருப்பு. குனிந்து அவள் கால் முன்னால் செருப்பைப் போட்டார். நிமிர்ந்து மகளைப் பார்த்தார். அப்படியே நின்றுவிட்டார். என்ன சொல்லிவிட்டோம் என்று அந்த நிமிஷம்தான் அவருக்கே உறைத்திருக்க வேண்டும். வாயில் முந்தானையை வைத்து அழுத்திக்கொண்டார்.

மூன்று பேரும் வீட்டுக்கு நடந்தோம். ஐந்து நிமிஷ நடைதான். தறிச் சத்தம் கேட்கிற தெருவில் அன்றைக்கு ஞாயிறு என்பதால் அதுவும் இல்லை. கரண்ட் இன்னும் வந்திருக்கவில்லை. ஜன்னலைத் திறந்து வைத்துவிட்டு உட்கார்ந்தோம். மனைவி தையல் மெஷினின் முன்னால் போய் உட்கார்ந்துகொண்டாள், எங்களுக்கு முதுகைக் காட்டி. அவள் பேசியதெல்லாம் மெஷினைப் பார்த்துத்தான்.

எங்களுக்குக் கல்யாணமாகி இருபத்திரண்டு வருடம். அவளைப் பற்றி எனக்குத் தெரிந்தது இதுதான். அப்பா பாம்பு கடித்து இறந்துவிட்டார். அம்மா பெங்களூரில் சித்தாள் வேலைக்குப் போனபோது, மேற்கே தாமல் பக்கம் ஒரு பிள்ளைகள் இல்லத்தில் கொஞ்ச நாள் விட்டுவைத்திருந்தார். ஐந்து வயதில் வந்து அழைத்துக்கொண்டு ஐயம்பேட்டையில் குடியேறி, ரைஸ் மில்லில் வேலை செய்து வளர்த்தார். சொந்தக்காரர்கள் யாரும் கல்யாணத்துக்கு வரவில்லை. ஏதோ பழைய சண்டை என்றார்கள். நானும் விட்டுவிட்டேன்.

இப்போது அவள் சொன்னது வேறு.

அந்த இல்லத்துக்கு அவளை யார் கொண்டுவந்து விட்டார்கள் என்று அவளுக்குத் தெரியாது. ஒரு பஸ் ஞாபகம் இருக்கிறது. "இங்கியே குந்திக்கினு இரு," என்று ஒரு பெண் சொன்னது ஞாபகம் இருக்கிறது. அந்தப் பெண் திரும்பி வரவில்லை. இல்லத்தில் பேனுக்காக எல்லோருக்கும் மொட்டை, எல்லோருக்கும் ஒரே நீலக் கவுன். பாயில் அவளுக்குப் பக்கத்தில் படுக்கிற பெண்ணுக்கும் அதே வயது. அந்தப் பெண்ணுக்கு அம்மா இருந்தாள்.

"தினமும் அதே பேச்சுங்க. எங்கம்மா வரும், எங்கம்மா கையில தேள் பச்சை குத்தியிருக்கும், அதைத் தொட்டா கொட்டாது, அதைப் பிடிச்சிக்கினுதான் நான் தூங்குவேன்னு சொல்லிக்கினே இருக்கும். எனக்கு அப்போ அம்மான்னா தேளுதான். வேற ஒண்ணும் தெரியாது."

அத்தையின் வலது முன்கையில் தேள் பச்சை உண்டு. இருபத்திரண்டு வருடமாக அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

"அம்மை வந்துச்சு. நாலஞ்சு பேருக்கு வந்துச்சு. அந்தப் பொண்ணை வேற ரூம்ல படுக்க வச்சாங்க. அப்புறம் வரல. கேட்டா, சாமிகிட்ட போயிடுச்சுன்னாங்க. அப்புறம் ஒருநாளு, மரத்தடியில ஒருத்தங்க குந்தியிருந்தாங்க. கையில தேளு இருந்துச்சு. நான் ஓடிப்போய்..."

மெஷினின் சக்கரத்தைக் கையால் முன்னும் பின்னும் உருட்டிக்கொண்டிருந்தாள்.

"பேரு இன்னான்னு கேட்டாங்க. அந்தப் பொண்ணு பேரைச் சொன்னேன்."

அந்தப் பெயர்தான் இன்றுவரை அவள் பெயர். பள்ளிச் சான்றிதழில், வாக்காளர் அட்டையில், ஆதாரில், எல்லாவற்றிலும். எங்கள் கல்யாணப் பத்திரிகையை நானே கம்போஸ் செய்தேன். மணமகள் பெயருக்கு மட்டும் ஐந்தாறு எழுத்துரு போட்டுப் பார்த்து, கடைசியில் கொடி சுற்றிய மாதிரி ஒரு எழுத்தைத் தேர்ந்தெடுத்தேன். அது அம்மையில் செத்துப்போன ஒரு நான்கரை வயதுக் குழந்தையின் பெயர். இதை இத்தனை வருடம் என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கோபம் வந்தது. கேட்க வாயெடுத்தேன். ஆனால் அவள் முதுகு குலுங்குவதைப் பார்த்து அடக்கிக்கொண்டேன்.

"ஏமாத்திட்டேன்னே நினைச்சுக்கினு இருந்தேங்க," என்றாள். "என்னிக்காவது உத்துப் பாத்தாங்கன்னா கண்டுபிடிச்சிடுவாங்க, திரும்பக் கொண்டுபோய் உட்டுடுவாங்கன்னு. எனக்குப் பையன் பொறந்தப்போகூட அதே பயம்தான். அவன் மூஞ்சியைப் பாத்து, எங்க ஜாடையே இல்லியேன்னு கேட்டுடுவாங்களோன்னு."

எனக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. அவள் அம்மாவிடம் ஒரு சொல் எதிர்த்துப் பேசி நான் கேட்டதில்லை. அம்மா கொஞ்ச நேரம் தன்னையே பார்த்துக்கொண்டிருந்தால் எழுந்து வேறு அறைக்குப் போய்விடுவாள். மரியாதை என்று நினைத்து நான் என் தங்கைகளிடம் அவளைப் புகழ்ந்திருக்கிறேன்.

அத்தை அதுவரை சுவரோரமாகத் தரையில் உட்கார்ந்திருந்தார். இப்போதுதான் பேசினார். அழுதுகொண்டு அல்ல, கணக்குப் புத்தகத்தை ஒப்பிப்பதுபோல வறண்ட குரலில்.

"வார்டனம்மா மொதல்லியே சொல்லிட்டாங்க மாப்ள. ஆபீஸ்ல குந்த வச்சி, ரெண்டு மாசம் ஆயிடுச்சும்மா, லெட்டர் போட்டோம்மா, உனக்கு வரலியான்னு கேட்டாங்க. நான் பெங்களூர்ல வேலை மாத்திப் பூட்டேன். எனக்கு யார் லெட்டர் கொண்டாந்து குடுப்பா? ஒண்ணும் தோணல. வெளிய வந்து மரத்தடியில குந்திக்கினேன். எந்திரிக்கவே காலு வரல. அப்பதான் இது ஓடியாந்துச்சு. அம்மான்னு சொல்லிக்கினு வந்து கையைப் பிடிச்சுக்கிச்சு. இந்தத் தேளைப் பிடிச்சுக்கிச்சு மாப்ள. என் பொண்ணு பிடிக்கிற மாதிரியே."

மனைவி மெல்லத் திரும்பினாள்.

"பேரு இன்னாம்மான்னேன். என் பொண்ணு பேரைச் சொல்லுது. எனக்குத் தலையில இடி விழுந்த மாதிரி ஆயிடுச்சு. இது இன்னா, பேயா, சாமியான்னு பயந்தே பூட்டேன். வார்டனம்மாவைக் கேட்டேன், இதுக்கு யாரு இருக்குறாங்கன்னு. யாருமில்லன்னாங்க. இட்டுக்கினு போவட்டான்னேன். அவங்க அழுதுட்டாங்க. கைநாட்டு வாங்கிக்கினாங்க. பள்ளிக்கூடத்துல சேக்க இதுக்குச் சீட்டு இல்ல. என் பொண்ணு பொறந்த சீட்டு என்கிட்ட இருந்துச்சு. அதையே வச்சிக்கினேன். ஊருக்குப் போனா மூஞ்சி தெரிஞ்சவங்க கேப்பாங்கன்னு ஐயம்பேட்டைக்கு வந்துட்டேன்."

"ஏம்மா சொல்லல?" மனைவி கத்தினாள். அவள் கத்தி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. "நாப்பத்தோரு வருஷம்மா! ஒரு நாளு, ஒரே ஒரு நாளு சொல்லக்கூடாதா? நான் நிம்மதியா தூங்கினேன்னு நினைச்சியா?"

"உனக்கு ஞாபகம் இருக்குதுன்னு எனக்கு எப்படித் தெரியும்? நீதான் அம்மா, அம்மான்னு சுத்திக்கினு இருந்த. மறந்துட்ட போலன்னு நினைச்சுக்கினேன். சொல்லிட்டா, அப்போ என் அம்மா யாருன்னு கேப்ப. நான் யாரைக் காட்டுவேன்? நீ தேடிக்கினு பூட்டா நான் இன்னா பண்ணுவேன்? உன்னைப் பஸ் ஸ்டாண்டு பக்கமே உட்டதில்ல. யாராவது வந்து இது என் பொண்ணுன்னு சொல்லிடுவாங்களோன்னு."

"அப்போ இன்னிக்கு மட்டும் ஏன் சொன்ன? அத்தினி பேரு எதிர்ல?"

அத்தை என்னை ஒரு மாதிரி பார்த்தார், நான்தான் ஏதோ செய்துவிட்டதுபோல. "அந்தப் பசங்க, அந்தம்மா ஏமாந்துட்டான்னு சொல்லிச் சிரிச்சிச்சுங்க. எனக்குத் தாங்கல. அவ ஒண்ணும் ஏமாந்தவ இல்ல."

அவ்வளவுதான். இருவரும் கட்டிப்பிடித்து அழுதார்கள் என்று எழுத ஆசை. அப்படி நடக்கவில்லை. மனைவி எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு மூன்று பேருக்கும் டீ போட்டாள். குடித்தோம். கரண்ட் வந்தது. ஃபேன் சுற்றத் தொடங்கியதும் மூவரும் திடுக்கிட்டோம்.

அடுத்த பத்து நாட்கள் வீடு வினோதமாக இருந்தது. இருவரும் ஒருவரையொருவர் புதிதாக வந்த ஆள் மாதிரி பார்த்துக்கொண்டார்கள். அத்தை பாப்பா என்று கூப்பிட வாயெடுத்து நிறுத்திக்கொள்வார். மனைவி அரைகுறையாகத் தைத்த ரவிக்கைகளைப் பிரித்துப் பிரித்து மறுபடி தைத்தாள். பதினொன்றாம் நாள் காலை நான் கடைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தபோது சமையலறையில் பெரிய சத்தம். அத்தை சுகர் மாத்திரையைப் போடாமல் இரண்டு வாரமாகத் தலையணை உறைக்குள் ஒளித்துவைத்திருக்கிறார். மனைவி கண்டுபிடித்துவிட்டாள்.

"எத்தினி வாட்டி சொல்றது உனக்கு? செத்துப் பூடுவ! அப்புறம் நான் எங்க போறது?"

"போடி, நீ ஒண்ணும் எனக்குப் பாடம் நடத்த வேணாம்!"

பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்க்கிற அளவுக்குச் சண்டை. நான் செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலிலேயே நின்று முழுக்கக் கேட்டேன். கடையைத் திறக்க அன்றைக்கு முக்கால் மணி நேரம் தாமதம்.

அவளுக்கு முன்னால் இருந்த பெயர் என்ன என்று ஒரு மத்தியானம் கேட்டேன். சொன்னாள். அது பெயரா, கொஞ்சுகிற சொல்லா என்றே அவளுக்குத் தெரியவில்லை. "அத வச்சிக்கினு இப்போ இன்னா பண்றது? ஆதார்ல மாத்தவா?" என்று சிரித்தாள். நான் அந்தப் பெயரை இங்கே எழுதவில்லை.

தாமலுக்குப் போக வேண்டும் என்று சொன்னது அத்தைதான். அவர் அங்கே திரும்பிப் போனதே இல்லை. ஒரு சனிக்கிழமை காலை பஸ் ஏறினோம். பெங்களூர் சாலையை அகலப்படுத்தியதில் அந்த இடமெல்லாம் அடையாளம் மாறிவிட்டது. இல்லம் எப்போதோ மூடப்பட்டுவிட்டதாம். அது இருந்த இடத்தில் லாரிகளுக்குப் பஞ்சர் ஒட்டுகிற கடையும் ஒரு சாப்பாட்டுக் கடையும் இருந்தன. அந்தக் குழந்தையை எங்கே புதைத்தார்கள் என்று வார்டனம்மா கை நீட்டிக் காட்டிய திசை மட்டும் அத்தைக்கு நினைவிருந்தது. ஏரிக்கரைப் பக்கம். அங்கே போனோம். கருவேல முள்ளும், வெட்டவெளியும். ஒரு கல்கூடக் கிடையாது. அத்தை ஒரு இடத்தில் நின்றார். பிறகு இன்னொரு இடத்துக்கு நகர்ந்தார். எது என்று தெரியாமல் அவர் தவித்ததை என்னால் பார்க்கவே முடியவில்லை.

மனைவி கரையின் மேல் ஏறி நின்று ஏரியைப் பார்த்து அந்தப் பெயரைச் சத்தமாகக் கூப்பிட்டாள். இத்தனை வருடமாகத் தன் பெயராக இருக்கிற, செத்துப்போன அந்தக் குழந்தையின் பெயரை. இரண்டு தடவை. தூரத்தில் மாடு மேய்த்துக்கொண்டிருந்தவர் திரும்பிப் பார்த்தார். அத்தை அப்படியே முள்ளுக்கு நடுவில் உட்கார்ந்துவிட்டார்.

திரும்பி வர பஸ்ஸுக்காக நெடுஞ்சாலையோரம் நிழற்குடையில் காத்திருந்தோம். அப்போது மனைவி கேட்டாள், "அவ எப்படிம்மா இருப்பா?"

அத்தை ரோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். லாரிகள் போய்க்கொண்டே இருந்தன. "எனக்கு மூஞ்சி ஞாபகம் இல்லடி," என்றார். "எத்தினி வருஷமா நினைச்சு நினைச்சுப் பாக்கறேன். உன் மூஞ்சிதான் வருது. அவளை நினைச்சாலும் நீதான் வர்ற. பெத்த பொண்ணு மூஞ்சியை மறந்துட்டேன் பாரு."

நான் பஸ் வருகிறதா என்று பார்ப்பதுபோல ரோட்டில் போய் நின்றுகொண்டேன். பின்னால் மனைவியின் குரல் கேட்டது.

"எனக்கு ஞாபகம் இருக்குதும்மா."

"இன்னா?"

"அவ மூஞ்சி. எனக்கு நல்லா ஞாபகம் இருக்குது. மேல் பல்லு ஒண்ணு பாதி உடைஞ்சிருக்கும். குழாயடியில வுழுந்துட்டா. சிரிச்சா அந்த ஓட்டையில நாக்கை நீட்டிக் காட்டுவா. இடது புருவத்துல ஒரு மச்சம்."

"மச்சம் இருந்துச்சு," என்றார் அத்தை. "ஆமா, மச்சம் இருந்துச்சு. பல்லு எப்போ உடைஞ்சுது? எனக்குத் தெரியாதே."

"நீ போனப்புறம். அழவே இல்ல அவ. வார்டனம்மாதான் அழுதாங்க. அப்புறம் வெளிய போயி புளியங்கா பொறுக்கிக்கினு வருவா, கவுனு ஜோபியில. ராத்திரி எனக்குப் பாதி குடுப்பா. உப்பு இல்லாமலே தின்னுவோம்."

காஞ்சிபுரம் பஸ் வந்து நின்றது. நான் கையைக் காட்டினேன். இருவரும் எழவில்லை. நடத்துநர் விசில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். நான் திரும்பி வந்து சிமெண்ட் பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தேன். அத்தை மகளின் பக்கம் முழுசாகத் திரும்பி, கையை மடியில் கோத்துக்கொண்டு, "அப்புறம்?" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.